பில்லின் அடியில் ஒரு வரி

அல்சூருக்கும் டொம்லூருக்கும் நடுவே இருக்கிற ஜோகுபாளையத்தில் ஒரு கடையிலோ பட்டறையிலோ பில் வாங்கினால், தொகைக்குக் கீழே பொடி எழுத்தில் மூன்று நான்கு வரிகள் பெரும்பாலும் அச்சாகியிருக்கும். விற்ற சரக்கு திரும்ப எடுக்கப்பட மாட்டாது. கெடு தாண்டினால் வட்டி. எல்லாவற்றுக்கும் அடியில், ‘சப்ஜெக்ட் டு பெங்களூர் ஜூரிஸ்டிக்‌ஷன்’. அதாவது தகராறு வந்தால் பெங்களூர் கோர்ட்டில்தான். வாங்குகிறவர் இதைப் படிப்பதில்லை. விற்கிறவரும் படித்திருக்க மாட்டார்; அச்சகத்துக்காரர் போன வருஷத்து பில் புத்தகத்தைப் பார்த்து அப்படியே அடித்துக் கொடுத்திருப்பார்.

அந்த வரிகளைத் தேடிப் படிக்க வைக்கும் பேச்சு ஒன்று உண்டு. ‘மால் சரியில்லை.’

சரக்கு இறங்கிய அன்று ஒரு முணுமுணுப்பும் இருக்காது. டெலிவரி சலானில் கையெழுத்தும் ரப்பர் ஸ்டாம்பும் விழும். முப்பது நாள் போகும், அறுபது நாள் போகும். பாக்கியைக் கேட்டு மூன்றாவது தடவை போன் செய்யும்போதுதான் அந்தப் பக்கத்திலிருந்து வரும்: ‘பணம் இருக்கட்டும் சார், நீங்க அனுப்பின மாலே சரியில்லையே.’ உண்மையாகவே சரக்கு மட்டமாக இருந்திருக்கலாம். கையில் பணமில்லாமல் சொல்லும் சாக்காகவும் இருக்கலாம். வெளியாளுக்கு இரண்டும் ஒன்றுபோலத்தான் கேட்கும். இரண்டையும் பிரித்துப் பார்க்கச் சட்டம் கையில் எடுத்த கருவி மிகப் பழையது: நாள் கணக்கு. சரக்கு எவ்வளவு மட்டம் என்பதைவிட, மட்டம் என்று எந்த நாளில் சொன்னாய் என்ற கேள்விக்குத்தான் இந்த வழக்குகளில் எடை அதிகம்.

நாரத ஸ்மிருதியில் இதற்கென்றே ஒரு தலைப்பு இருக்கிறது: வாங்கிய பின் மனம் மாறுவது. வாங்கிய அன்றே சேதமில்லாமல் திருப்பிக் கொடுத்தால் முழுப் பணம். மறுநாள் கொடுத்தால் விலையில் முப்பதில் ஒரு பங்கு போகும். மூன்றாம் நாள் அதைப்போல இரு மடங்கு. அதற்கு மேல் சரக்கு வாங்கியவன் தலையில். சோதித்துப் பார்க்கவும் பொருளுக்குப் பொருள் கெடு உண்டு. இரும்புக்கும் துணிக்கும் ஒரு நாள்; கறவை மாட்டுக்கு மூன்று; பொதி மாட்டுக்கு ஐந்து; முத்துக்கும் மணிக்கும் ஏழு; விதைக்குப் பத்து. எழுதியவர் சந்தையில் கொஞ்ச நேரமாவது நின்றவராகத்தான் இருக்க வேண்டும். துணியை வெளிச்சத்தில் பிடித்தாலே பிசிறு தெரிந்துவிடும். மாட்டின் கறவை ஒரே வேளையில் தெரியாது. விதை முளைக்க நாளாகும். அதே பட்டியலில் ஆணடிமைக்கு அரை மாதம், பெண்ணடிமைக்கு ஒரு மாதம் என்றும் இருப்பதை மறைப்பதற்கில்லை. மனு இப்படியெல்லாம் பிரித்துக்கொண்டு நிற்காமல் பொதுவாகப் பத்து நாள் என்று முடித்துவிட்டார்.

இதெல்லாம் ஏட்டுச் சுரைக்காய் என்று தள்ளிவிட முடியாது. இந்துக்களுக்கு இடையிலான ஒப்பந்த வழக்கை இந்துச் சட்டப்படியே தீர்க்க வேண்டும் என்று கல்கத்தாவின் சுப்ரீம் கோர்ட்டுக்கு 1781லும், சென்னைக்கு 1797லும் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் விதித்தது. 1872ல் ஒப்பந்தச் சட்டம் வரும்வரை, பேருக்காவது, நாரதர் கணக்குக்கு அந்தக் கோர்ட்டுகளில் ஓர் இடம் இருந்தது.

கெடுவைவிடப் பெரிய சண்டை, சோதிப்பது யார் என்பதில். சோழமண்டலக் கரையின் துணி வியாபாரத்தில் அது நூறு வருஷத்துக்கு மேல் நடந்தது. 17ஆம் நூற்றாண்டில் சென்னைக் கோட்டையிலிருந்த ஆங்கிலக் கம்பெனி நெசவாளியிடம் நேரே போகவில்லை. 1680ல் இறந்த காசி வீரண்ணாவைப் போன்ற பெருவணிகர்கள் துணி ஒப்பந்தம் எடுத்தார்கள். பிறகு வணிகர்கள் பங்கு போட்டுக் கூட்டாக எடுக்கும் முறையும் வந்தது. ஒப்பந்தத்தோடு ஒரு துண்டுத் துணி மாதிரியாகக் கோட்டையில் வைக்கப்படும். அதைக் கம்பெனிக் கணக்கில் ‘மஸ்டர்’ என்று எழுதினார்கள். ‘மோஸ்த்ரா’ என்ற போர்த்துகீசியச் சொல்லின் சிதைவு அது.

துணி வந்து சேர்ந்ததும் கிடங்கில் தரம் பிரிக்கும் வேலை தொடங்கும். சலவை காணாத பழுப்புத் துணிக் கட்டுகளை அவிழ்ப்பார்கள். நீளம் அளப்பார்கள், அகலம் அளப்பார்கள், இழை நெருக்கம் பார்ப்பார்கள், மாதிரித் துண்டோடு சேர்த்து வைத்துப் பார்ப்பார்கள். முதல் ரகம், இரண்டாம் ரகம், மூன்றாம் ரகம் என்று கட்டுகள் பிரியும். ஒவ்வொரு படி இறங்கும்போதும் விலை இறங்கும். எதிலும் சேராதது தள்ளுபடி. மாதிரி கம்பெனியின் கிடங்கில். அளவுகோல் கம்பெனியின் கையில். பிரிப்பவர் கம்பெனியின் சம்பளக்காரர். சந்தை மந்தமான வருஷத்தில் கண்டிப்பு கூடவும், கப்பலுக்குச் சரக்கு போதாத வருஷத்தில் கண் கொஞ்சம் மூடிக்கொள்ளவும் இந்த ஏற்பாட்டில் தாராளமாக இடமிருந்தது. புதுச்சேரியில் பிரெஞ்சுக் கம்பெனியும் வணிகர்களோடு இப்படித்தான் மல்லுக்கு நின்றது. 1736ல் தொடங்கும் ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பில் துணி ஒப்பந்தப் பேரங்களுக்குக் குறைவில்லை.

நெசவாளி கையில் அப்போது ஒரு துருப்புச் சீட்டு இருந்தது. தென்னிந்திய நெசவாளர்களையும் வணிகர்களையும் பற்றி 2001ல் நூல் வெளியிட்ட வரலாற்றாசிரியர் பிரசன்னன் பார்த்தசாரதி இதை விரிவாக எழுதியிருக்கிறார். முன்பணம் வாங்கிய நெசவாளி எப்போது வேண்டுமானாலும் அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டு விலகிக்கொள்ளலாம். கொடுத்த வணிகர் அப்படி விலக முடியாது. இன்றைக்கு எந்த வியாபாரியிடம் சொன்னாலும் சிரிப்பார். வாங்க வரிசையில் ஆங்கிலேயர், டச்சுக்காரர், பிரெஞ்சுக்காரர், உள்ளூர் வணிகர் என்று பலர் நின்றவரை இந்த வழக்கம் செல்லுபடியானது. ஒருவர் தள்ளிய துணியை இன்னொருவர் எடுத்துக்கொள்வார். 18ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மற்றக் கம்பெனிகள் ஒடுங்கின, ஆங்கிலக் கம்பெனியே அரசாகவும் ஆனது. அதன் பிறகு வாங்குகிறவரும் தரம் சொல்கிறவரும் தீர்ப்புச் சொல்கிறவரும் ஒரே ஆள்.

இனி ஒரு பட்டு மூட்டைக் கதை. 1815ல் லண்டனில் கார்டினர் என்பவருக்கும் கிரே என்பவருக்கும் 12 மூட்டை கழிவுப் பட்டு பற்றி வழக்கு. வந்து இறங்கிய சரக்கு, கழிவுப் பட்டு என்று சந்தையில் போகிற தரத்துக்குக்கூடத் தேறவில்லை என்றார் வாங்கியவர். வாங்குகிறவன்தான் கண்ணை விழித்துப் பார்த்து வாங்க வேண்டும் என்பது அதுவரை ஆங்கிலச் சட்டத்தின் பொதுவான போக்கு. நீதிபதி எல்லன்பரோ பிரபு அதைச் சற்றே திருப்பினார். குப்பைமேட்டில் கொட்டுவதற்காக யாரும் காசு கொடுத்துச் சரக்கு வாங்குவதில்லை என்ற பொருளில் அவர் சொன்னது அங்கே சட்டமாக ஊன்றிவிட்டது. கழிவென்றே பெயர் சொல்லி விற்றாலும் கழிவுக்கும் ஒரு தரம் உண்டு.

57 வருஷம் கழித்து இந்திய ஒப்பந்தச் சட்டம் வந்தது. அதன் 113ஆம் பிரிவுக்குக் கீழே ஓர் உதாரணம்: கல்கத்தாவில் ஒருவர் இன்னொருவருக்கு, முர்ஷிதாபாத்திலிருந்து வந்துகொண்டிருக்கும் 12 மூட்டை கழிவுப் பட்டை விற்கிறார், அது சந்தையில் கழிவுப் பட்டு என்று போகிற சரக்காக இருக்கும் என்பது சொல்லாமலே கொடுத்த உறுதி. மூட்டை எண்ணிக்கையைக்கூட மாற்றவில்லை. லண்டன் மூட்டைக்கு வங்காள விலாசம் ஒட்டி அனுப்பிவிட்டார்கள். இந்தச் சட்டத்தோடு நாரதரின் பட்டியல் கோர்ட்டை விட்டு வெளியேறியது. ஒரு நாள், மூன்று நாள், பத்து நாள் என்ற கணக்குகள் இருந்த இடத்தில் ‘நியாயமான காலம்’ என்ற பேச்சு வந்து உட்கார்ந்தது. வக்கீல்களுக்கு அது நல்ல காலம்.

ஜோகுபாளையத்துக்கு இந்தச் சட்டம் வந்த வழி வேறு. பக்கத்து டொம்லூரில் 13ஆம் நூற்றாண்டிலேயே தமிழ்க் கல்வெட்டுகள் உண்டு. அவற்றில் அந்த ஊருக்குத் தேசிமாணிக்கப்பட்டணம் என்றும் ஒரு பெயர். பெயரிலேயே வணிகர் வாடை அடிக்கிறது. ஆனால் இந்தப் பக்கத்துத் தமிழ்க் குடும்பங்களில் பெரும்பாலானவற்றின் கதை 1809க்குப் பிறகுதான் தொடங்குகிறது. அந்த வருஷம் ஸ்ரீரங்கப்பட்டணத்துக் கொசுவுக்குப் பயந்து பிரிட்டிஷ் படை அல்சூர்ப் பக்கம் இடம் மாறியது. தண்டு என்று ஊர் வாயில் விழுந்த கன்டோன்மென்ட் அதுதான். படைக்குப் பின்னால் ஆற்காடு, வேலூர்ச் சீமையிலிருந்து தையற்காரர், கசாப்புக்காரர், கொத்தனார், கான்ட்ராக்டர் எல்லோரும் வந்தார்கள். அவர்களில் மேலே வந்த ஆற்காடு நாராயணசாமி முதலியார் கட்டிய அட்டாரா கச்சேரிதான் 1868லிருந்து கப்பன் பூங்கா ஓரத்தில் சிவப்பாக நிற்கிறது. இன்று கர்நாடக ஹைகோர்ட் அதில்தான் நடக்கிறது. சரக்குக்குப் பணம் வராத வழக்குகள் அப்பீலில் வந்து நிற்கும் கட்டடத்தைக் கட்டியவரே ஒரு தமிழ்க் கான்ட்ராக்டர்.

பட்டாளத்தாருக்கு விற்றுக் காசு வாங்குவது எளிதாக இருந்ததா என்பதற்கு ஒரு சின்னச் சாட்சி. 1890களின் பிற்பகுதியில் இங்கே குதிரைப்படை அதிகாரியாக இருந்த வின்ஸ்டன் சர்ச்சில் கிளப்புக்கு வைத்த 13 ரூபாய் பாக்கியை, 1899ல் வசூலாகாத கடன் என்று தள்ளி எழுதிவிட்டார்கள். பெங்களூர் கிளப் அந்தப் பேரேட்டை இன்னும் பாதுகாக்கிறது. சரக்கு சரியில்லை என்று சர்ச்சில் சொன்னதாகத் தகவல் இல்லை.

1881ல் மைசூர் ராஜ்யம் மகாராஜாவிடம் திரும்பியபோது தண்டு மட்டும் பிரிட்டிஷ் கையில் தங்கியது. ஒரே ஊருக்குள் இரண்டு அரசு. பேட்டையில் மைசூர்ச் சட்டம், மைசூர்க் கோர்ட், 1884லிருந்து அதற்கு மேலே மைசூர் சீஃப் கோர்ட். தண்டில் கவர்னர் ஜெனரல் அறிவிக்கை போட்டுப் புகுத்திய பிரிட்டிஷ் இந்தியச் சட்டம், மேலே ரெசிடென்ட். சிக்கபேட்டை வியாபாரி அல்சூர்க்காரருக்குச் சரக்கு விற்று, ‘மால் சரியில்லை’ என்று பதில் வந்தால், குதிரை வண்டியில் அரை மணி தூரத்தில் இருந்த கோர்ட் வேறு அரசுடையது. பிரிட்டிஷ் இந்தியாவுக்கு மைசூர்க் கோர்ட் அயல்நாட்டுக் கோர்ட். மைசூர் நீதிமன்றத் தீர்ப்பு சென்னையிலுள்ள சொத்தை எந்த அளவுக்குக் கட்டும் என்பதை, பெங்களூரில் பொருள் சேர்த்த ஒரு தமிழரின் குடும்பச் சொத்து வழக்கில் 1962ல்கூட உச்ச நீதிமன்றம் உட்கார்ந்து ஆராய வேண்டியிருந்தது. 1947ல் தண்டு மைசூரோடு சேர்ந்தது. 1949ல் இரண்டு நகராட்சியும் ஒரே மாநகராட்சி ஆயின.

எந்தக் கோர்ட் என்ற கேள்வி அதோடு தீரவில்லை. பில்லின் அந்தக் கடைசி வரிக்கு உச்ச நீதிமன்றம் விளக்கம் சொன்னது ஒரு சேலம் வழக்கில். சேலத்து ஏஜென்ஸி ஒன்று குஜராத்தின் கைரா மாவட்டக் கம்பெனியிடம் ஜரிகைக்கான உலோக நூலுக்கு ஆர்டர் கொடுத்தது. பேச்சு முறிந்தது. சேலம்காரர்கள் சேலத்தில் வழக்குப் போட, கைரா கம்பெனி ஒப்பந்தத் தாளைக் காட்டியது: தகராறு கைரா ஜூரிஸ்டிக்‌ஷனுக்கு உட்பட்டது. 1989ல் தீர்ப்பு வந்தது. கைராவில் ‘மட்டும்’ என்று எழுதவில்லை, மற்றக் கோர்ட்டை விலக்கும் சொல் எதுவும் இல்லை, ஆகவே சேலத்திலும் வழக்கு நடக்கலாம். ஒரு ‘மட்டும்’ இல்லாததால் சேலம் தப்பியது. 2013ல் வேறொரு வழக்கில் அதே நீதிமன்றம், அப்படி ஒரு சொல் இல்லாவிட்டாலும் ஓர் ஊரைக் குறிப்பிட்டதே மற்ற ஊர்களை விலக்கியதாகக் கொள்ளலாம் என்றது. அச்சகத்துக்காரர் பார்த்து அடித்த வரி, இப்போது எடை கூடிய வரி.

சரக்கின் தரத்துக்கு வருவோம். 1930 ஜூலை 1 முதல் சரக்கு விற்பனைச் சட்டம் தனியாக நடைமுறைக்கு வந்தது. ஒப்பந்தச் சட்டத்தின் அந்த அத்தியாயம், கழிவுப் பட்டு மூட்டைகளோடு சேர்ந்து ரத்தானது. ‘மால் சரியில்லை’ என்பவர் தெரிந்துகொள்ள வேண்டியது அதன் 42ஆம் பிரிவு. நியாயமான காலம் தாண்டியும், வேண்டாம் என்று சொல்லாமல் சரக்கை வைத்திருந்தால் ஏற்றுக்கொண்டதாகவே அர்த்தம். வெட்டித் தைத்துவிட்டாலோ வேறொருவருக்கு விற்றுவிட்டாலோ அப்படியே. ஏற்றுக்கொண்ட பின் சரக்கைத் தள்ள முடியாது. குறைக்கு ஏற்ற அளவு விலையைக் குறைக்கக் கேட்கலாம், நஷ்டஈடு கேட்கலாம். 59ஆம் பிரிவு அதைச் சொல்கிறது. தள்ளுவதாக இருந்தால் சரக்கைச் சுமந்துகொண்டு போய்க் கொடுக்க வேண்டியதில்லை, தகவல் சொன்னால் போதும் என்கிறது 43. பட்டறைகளில் பலருக்கு இது தெரியாது. லாரி வாடகை யார் தலையில் என்ற சண்டையிலேயே நாள் ஓடிவிடும்.

எச்.ஏ.எல். 1940ல் வந்து, ஐ.டி.ஐ., எச்.எம்.டி., பி.இ.எல். என்று வரிசையாகப் பெரிய ஆலைகள் எழுந்தபோது, அவற்றுக்கு உதிரிபாகம் செய்து கொடுக்கும் சின்னப் பட்டறைகளும் நகரெங்கும் முளைத்தன. ஜோகுபாளையத்தை ஒட்டிய இந்திராநகரின் ஒரு பகுதிக்கு இன்றும் எச்.ஏ.எல். இரண்டாம் ஸ்டேஜ் என்றே பெயர். இந்தப் பட்டறைகளின் மொழியில் ‘ரிஜெக்‌ஷன்’ என்பது தினசரிச் சொல், ‘டெபிட் நோட்’ என்பது வயிற்றைக் கலக்கும் சொல். வந்த சரக்கில் இத்தனை பீஸ் சரியில்லை, ஆகவே இத்தனை ரூபாய் பிடித்தம் என்று வாங்குகிறவரே எழுதி அனுப்பும் தாள் அது. மாதிரியும் அளவுகோலும் பிரிப்பவரும் வாங்குகிறவர் பக்கமே இருந்த சென்னைக் கிடங்கு நினைவுக்கு வந்தால் தப்பில்லை.

கேரளத்தில் ஒரு வழக்கு இந்த விஷயத்தைப் பளிச்சென்று காட்டும். அங்கே மாநிலப் போக்குவரத்துக் கழகத்துக்குச் சில சிறு நிறுவனங்கள் டயர் ரீட்ரேட் செய்வதற்கான ரப்பரை விற்றன. 90 சதவீதம் பணம் சப்ளை ஆனதும்; மிச்சம் 10 சதவீதம், ரப்பர் எப்படி உழைத்தது என்ற அறிக்கை வந்த பிறகு. ரப்பரின் தரம் கடையில் தெரியாது, சாலையில்தான் தெரியும் என்பதால் அப்படி ஒரு நிபந்தனை. விதைக்குப் பத்து நாள் கொடுத்த நாரதர் கேட்டிருந்தால் தலையாட்டியிருப்பார். ஆனால் அந்தப் பத்து சதவீதம் வந்து சேரவில்லை. சில்பி இண்டஸ்ட்ரீஸ் வழக்கு என்று அறியப்படும் இதில் 2021 ஜூன் 29ல் உச்ச நீதிமன்றம் இரண்டு விஷயங்களைத் தெளிவாக்கியது. சிறு தொழில் கவுன்சிலின் நடுவர் விசாரணைக்கும் காலவரம்புச் சட்டம் பொருந்தும். பணம் கேட்டு விற்றவர் வந்தால், வாங்கியவரும் தன் நஷ்டத்தைச் சொல்லி அங்கேயே எதிர்க்கோரிக்கை வைக்கலாம்.

அந்தக் கவுன்சில் 2006ஆம் வருஷத்துச் சிறு தொழில் சட்டத்தின் பிள்ளை. அந்தச் சட்டம் அக்டோபர் 2 முதல் அமலுக்கு வந்தது. ‘நியாயமான காலம்’ என்ற நூற்றாண்டுக் குழப்பத்தை அது ஒரே வீச்சில் வெட்டியது. சரக்கு வந்து 15 நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் சொல்லாவிட்டால், வந்த நாளிலேயே ஏற்றுக்கொண்டதாகக் கணக்கு. பணத்துக்கு அதிகபட்சம் 45 நாள். தாண்டினால் ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப்போல மூன்று மடங்கு வட்டி, மாதா மாதம் வட்டிக்கு வட்டி. கவுன்சில் தீர்ப்பை எதிர்த்து வாங்கியவர் கோர்ட்டுக்குப் போனால் தீர்ப்புத் தொகையில் 75 சதவீதத்தைக் கட்டிவிட்டுத்தான் வாயைத் திறக்கலாம். நாரதர் பொருளுக்கொரு கெடு வைத்த இடத்தில் இந்தச் சட்டம் எல்லாவற்றுக்கும் ஒரே கெடு வைத்துவிட்டது. மனுவின் வழி இது, ஐந்து நாள் கூடுதலாக.

2016ன் திவால் சட்டம் இன்னொரு கதவைத் திறந்தது. பாக்கிக்காரருக்கு நோட்டீஸ் அனுப்பி, பத்து நாளில் பணமோ தகராறு இருப்பதற்கான சான்றோ வராவிட்டால் கம்பெனியையே தீர்ப்பாயத்துக்கு இழுக்கலாம். சரக்கின் தரம் பற்றிய தகராறும் அதில் சேரும். அந்தத் தகராறு நோட்டீஸுக்கு முன்பே இருந்திருக்க வேண்டும் என்று மோபிலாக்ஸ் வழக்கில் 2017 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. விளைவு எதிர்பார்க்கக்கூடியதே: நோட்டீஸ் வரும் என்று மூக்கில் வியர்த்ததுமே ‘குவாலிட்டி கம்ப்ளெயின்ட்’ என்று ஒரு மெயில் தட்டிவிடும் கெட்டிக்காரர்கள் பெருகினார்கள். 2020 மார்ச்சில் இந்த வழிக்குக் குறைந்தபட்சப் பாக்கி ஒரு லட்சத்திலிருந்து ஒரு கோடி ஆனது. ஜோகுபாளையத்துப் பட்டறைக்காரருக்கு அந்தக் கதவு அதோடு மூடிக்கொண்டது. அவருக்கு மிஞ்சியிருப்பவை சிறு தொழில் கவுன்சிலும், 2018லிருந்து மூன்று லட்சத்துக்கு மேற்பட்ட வழக்கை எடுக்கும் வணிக நீதிமன்றமும், செக் திரும்பிய வழக்கும்தான்.

மூன்றிலும் முதலில் கேட்பது சலான்தான். சரக்கு இறங்கிய தேதி, வாங்கியவர் கையெழுத்து, அதன் பிறகு வந்த முதல் புகாரின் தேதி. வாட்ஸ்அப்பில் வந்த படமானாலும் அதற்கான சான்றிதழோடு தாக்கல் செய்ய வேண்டும். பிறகுதான் பில்லைப் புரட்டி, அடியில் இருக்கிற வரிக்கு வருவார்கள். ஊரின் பெயர் 2014 நவம்பர் 1 முதல் பெங்களூரு. அந்த வரியில் இன்னும் பெங்களூர் என்றுதான் அச்சாகிறது.